ஊர் மெச்சும் குடும்பத்துக்குள் நடப்பதை எங்கே சொல்வது?

கேள்வி:

எனக்கு 26 வயது. திருமணமாகி வேறு ஊரில் இருக்கிறேன். எங்கள் குடும்பத்தை உறவினர்களும் அக்கம்பக்கத்தாரும் எடுத்துக்காட்டாகச் சொல்வார்கள். அப்பா பொதுக்காரியங்களில் மதிப்புப் பெற்றவர். பிற வீடுகளில் கணவன் மனைவிக்குள் தகராறு என்றால் சமாதானம் பேச அவரைத்தான் அழைப்பார்கள். எனக்குச் சைக்கிள் ஓட்டக் கற்றுக்கொடுத்தவரும், காய்ச்சல் வந்தால் இரவெல்லாம் விழித்திருந்தவரும் அவரே. ஆனால் எனக்கு நினைவு தெரிந்த நாள் முதல் அவர் அம்மாவை அடித்து வருகிறார். அடி விழுந்துகொண்டிருக்கும்போது அழைப்பு மணி ஒலித்தால் அப்பாவின் குரல் அந்த நொடியே கனிந்துவிடும். அம்மா முகத்தைத் துடைத்துக்கொண்டு சிரிப்பார். நான் பாடப் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொள்வேன். வீட்டு விஷயம் வாசல் தாண்டக் கூடாது என்பது எங்களுக்கு எழுதாத சட்டம். சென்ற மாதம் அம்மாவின் மணிக்கட்டு எலும்பு முறிந்தது. குளியலறையில் வழுக்கி விழுந்ததாகச் சொல்கிறார்கள். 15 வயதுத் தம்பி இப்போது அம்மாவிடம் அப்பாவின் தொனியிலேயே பேசுகிறான். அண்ணனோ, "அப்படி எதுவும் நடந்ததாக எனக்கு நினைவில்லை, நீ பெரிதுபடுத்துகிறாய்" என்கிறான். பெற்றோரின் 30ஆவது திருமண நாள் விழாவில் அப்பாவைப் பற்றி நான் பேச வேண்டுமாம். அந்த மேடையிலேயே உண்மையை உடைத்துவிடலாமா? அப்படிச் செய்தால் குடும்பத்தைக் காட்டிக்கொடுத்தவள் ஆகிவிடுவேனா? என் இளமைக் காலம் முழுவதும் பொய்தானா? இதை இதுவரை என் கணவரிடம்கூடச் சொன்னதில்லை.

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

முதலில் அம்மாவின் மணிக்கட்டைப் பற்றிப் பேசிவிடுவோம்; மேடையும் பேச்சும் அதற்குப் பிறகுதான். எலும்பு முறிந்தபோது நீங்கள் அங்கே இல்லை, எனவே அவர் உண்மையிலேயே வழுக்கி விழுந்திருக்கவும் கூடும். ஆனால் பல ஆண்டுகளாக அடி விழுந்துவரும் வீட்டில் ஓர் எலும்பு முறிந்திருக்கிறது என்றால், அதை விபத்து என்று ஏற்பதற்கு முன்பு அம்மாவைத் தனியே ஒருமுறையாவது கேட்டாக வேண்டும். அப்படிக் கேட்கும்போது சிலவற்றைக் குறிப்பாகத் தெரிந்துகொள்ளுங்கள். அண்மைக் காலத்தில் அடி முன்பைவிட அடிக்கடி விழுகிறதா, கடுமையாகிறதா? கொன்றுவிடுவேன் என்றோ, தானே செத்துவிடுவேன் என்றோ அப்பா மிரட்டியிருக்கிறாரா? எப்போதாவது அம்மாவின் கழுத்தைப் பிடித்து நெரித்திருக்கிறாரா? கடைசிக் கேள்வியைக் கேட்கப் பலரும் கூசுகிறார்கள். ஆனால் விடை தெரிந்தே ஆக வேண்டிய கேள்வி அதுதான். துணைவரின் வன்முறையால் நேரும் மரணங்களை நெடுங்காலமாக ஆராய்ந்துவரும் அமெரிக்கச் செவிலியப் பேராசிரியர் ஜாக்குலின் கேம்பல் இடம்பெற்ற ஆய்வுக்குழு 2008இல் வெளியிட்ட முடிவுகளின்படி, துணைவரால் முன்பே கழுத்து நெரிக்கப்பட்ட பெண் பிற்பாடு அவர் கையாலேயே கொல்லப்படும் அபாயம் ஏழு மடங்குக்கும் கூடுதலாக இருந்தது. கழுத்து நெரிபட்டதன் தடம் தோலில் தெரியாமலே உள்ளே இரத்தக் குழாய் காயப்பட்டிருக்கக்கூடும். ஆகவே குரல் கம்மியிருந்தாலும், விழுங்கச் சிரமப்பட்டாலும், தலை சுற்றினாலும், நினைவு தப்பியிருந்தாலும் காத்திராமல் மருத்துவரிடம் அழைத்துச் செல்ல வேண்டும். நெரித்த செய்தியை மருத்துவரிடம் ஒளிக்காமல் சொல்லவும் வேண்டும். இவற்றில் எதற்கேனும் "ஆம்" என்று அம்மா சொன்னால், என்னுடைய மற்ற ஆலோசனைகளை எல்லாம் ஒத்திவைத்துவிட்டு, நீங்கள் வசிக்கும் நாட்டில் குடும்ப வன்முறைக்கென இயங்கும் உதவி எண்ணை அன்றே அழையுங்கள். பாதிக்கப்பட்டவர்தான் அழைக்க வேண்டும் என்பதில்லை; மகளும் அழைத்து வழி கேட்கலாம்.

உங்கள் கடிதத்தில் நான் திரும்பத் திரும்பப் படித்த வரி அழைப்பு மணியைப் பற்றியது. அடிக்கும் ஆண்களைப் பற்றி எல்லோரும் ஒரு சமாதானத்தைக் கைவசம் வைத்திருக்கிறார்கள்: கோபம் வந்தால் அவருக்குக் கண்மண் தெரியாது, மற்றபடி தங்கமான மனிதர். கண்மண் தெரியாதவரின் காதில் அழைப்பு மணி எப்படி விழும்? உங்கள் அப்பாவின் காதில் விழுகிறது. ஓங்கிய கை இறங்குகிறது, குரல் கனிகிறது, கதவு திறப்பதற்குள் விருந்தாளியை வரவேற்கும் முகம் வந்துவிடுகிறது. ஓரிரு நொடிகளில் இத்தனையையும் செய்யக்கூடியவரைத் தன்னிலை இழந்தவர் என்று நான் சொல்ல மாட்டேன். யாரிடம், எங்கே, யார் பார்க்காதபோது என்பதை அவர் நன்றாகவே தெரிந்து வைத்திருக்கிறார். பணியிடத்தில் மேலதிகாரி கடிந்துகொண்டால் அவர் கை ஓங்கியிருக்க மாட்டார். சமாதானம் பேசப் போன வீடுகளில் எவரையும் அறைந்திருக்க மாட்டார். மதுவும் கடன் தொல்லையும் மன அழுத்தமும் வன்முறையைக் கூட்டக்கூடும் என்பது உண்மைதான். ஆயினும் அந்த அழுத்தம் ஏன் எப்போதும் ஒரே ஒருவர் மீது, மூடிய கதவுக்குப் பின்னால் மட்டும் இறங்குகிறது என்பதற்கு அவை விடை சொல்வதில்லை. மூளையில் காயம், முதுமை மறதிநோய் போன்ற சில நிலைகளில் கட்டுப்பாடு உண்மையிலேயே தளர்ந்துபோவதுண்டு. ஆனால் அந்த நிலையில் இருப்பவர்கள் வாசலில் யாரோ வந்து நின்றதும் ஒவ்வொரு முறையும் சட்டென்று வேறு ஆளாக மாறிக்கொள்வது பொதுவாக நடப்பதில்லை.

இதை இவ்வளவு நீட்டிச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. உங்கள் அம்மாவும் நீங்களும் இத்தனை ஆண்டுகளாக அவருடைய கோபத்தைத் தூண்டாமல் இருப்பதைத்தான் வேலையாகச் செய்து வந்திருப்பீர்கள். சாவி திரும்பும் ஓசையைக் கேட்டே அன்றைய மனநிலையைக் கணித்திருப்பீர்கள். பேச்சை எப்போது நிறுத்துவது, எந்தப் பொருளை எங்கே வைப்பது, மதிப்பெண் பட்டியலை எந்த நேரத்தில் நீட்டுவது என்பதெல்லாம் உங்களுக்கு அத்துபடியாகியிருக்கும். நீங்கள் இன்னும் கொஞ்சம் கவனமாக இருந்திருந்தால் அன்று அடி விழுந்திருக்காது என்ற எண்ணம் இன்னமும் உங்களுக்குள் இருக்குமானால், அது உங்கள் தவறால் விழுந்த அடி அல்ல என்பதற்கு அந்த மணியோசையே சாட்சி.

அமெரிக்கச் சமூகவியலாளர் இவான் ஸ்டார்க் 2007இல் விரிவாக எழுதிய ஒரு கருத்தை இங்கே சொல்ல வேண்டும். இத்தகைய வீடுகளில் அடியை மட்டும் எண்ணிப் பார்த்தால் நடப்பது பாதிகூடப் புரியாது என்றார் அவர். யாரோடு பேசலாம், எவ்வளவு செலவழிக்கலாம், எத்தனை மணிக்குத் திரும்ப வேண்டும் என்று ஒருவருடைய அன்றாடம் முழுவதையும் மற்றொருவர் தன் பிடிக்குள் வைத்திருப்பதுதான் அடிப்படை. அடி அந்தப் பிடியை அவ்வப்போது நினைவூட்டும் கருவி. அதனால்தான் மாதக்கணக்கில் கை ஓங்காத வீட்டிலும் எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு நடமாடுகிறார்கள். அப்பாவுக்கு வயதாகிவிட்டது, இப்போது முன்போல் அடிப்பதில்லை என்று யாராவது சொன்னால், அம்மா தன் கைப்பேசியில் தன் விருப்பப்படி ஒருவரோடு பேச முடிகிறதா, கணக்குக் காட்டாமல் ஒரு தொகையைச் செலவழிக்க முடிகிறதா, "முடியாது" என்று அவரிடம் சொல்லிவிட்டு நிம்மதியாகத் தூங்க முடிகிறதா என்று பாருங்கள்.

இனி, உங்கள் இளமைக் காலம் பொய்யா என்ற கேள்வி. பொய்யில்லை. சைக்கிளின் பின்னால் பிடித்துக்கொண்டு ஓடிவந்த கையும் அம்மாவை அடித்த கையும் ஒரே கைதான். இரண்டில் ஒன்றை அழித்துவிட்டு மற்றொன்றை மட்டும் உண்மையாக்கிக்கொள்ள வேண்டிய கட்டாயம் உங்களுக்கு இல்லை. காய்ச்சலில் அவர் விழித்திருந்ததற்கு நீங்கள் நன்றியோடு இருக்கலாம். அந்த நன்றி, அம்மாவுக்கு நடந்ததைப் பார்க்காததுபோல் இருப்பதற்கான விலை அன்று. ஊரில் அவர் செய்த நல்ல காரியங்களும் நடந்தவைதாம். ஆனால் அவை சேர்த்துக் கொடுத்த நற்பெயர், அம்மா வாய் திறந்தால் யாரும் நம்பாமல் இருப்பதற்கும் பயன்பட்டிருக்கிறது. நற்பெயர் உள்ள எல்லா மனிதரையும் சந்தேகிக்கச் சொல்கிறேன் என்று கொள்ள வேண்டாம். நற்பெயர் எதற்கும் சான்றாகாது என்று மட்டுமே சொல்கிறேன். உலக சுகாதார நிறுவனம் 2021இல் வெளியிட்ட மதிப்பீட்டில், மணவாழ்க்கையிலோ துணைவரோடோ வாழ்ந்த 15 முதல் 49 வயதுக்கு உட்பட்ட பெண்களில் 27 சதவீதத்தினர் வாழ்நாளில் ஒருமுறையாவது துணைவரின் உடல்ரீதியான அல்லது பாலியல் வன்முறைக்கு உள்ளாகியிருக்கிறார்கள். இந்த எண்ணிக்கையில் குடும்பப் படத்தில் சிரித்துக்கொண்டிருப்பவர்களும் அடக்கம்.

அம்மாவின் சிரிப்பைப் பற்றியும் ஒரு வார்த்தை. அதைப் போலித்தனம் என்று நீங்கள் கசந்துகொள்வது கடிதத்தின் தொனியில் தெரிகிறது. வாசலில் விருந்தாளி நிற்கும்போது அம்மா அழுதிருந்தால், விருந்தாளி போன பிறகு என்ன நடந்திருக்கும் என்பது அவருக்குத் தெரியும். தன்னையும் பிள்ளைகளையும் அந்த இரவு காப்பாற்றிக்கொள்ள அவர் கையில் இருந்த ஒரே வழி அந்தச் சிரிப்பாக இருந்திருக்கலாம். நீங்கள் திறந்து வைத்துக்கொண்ட பாடப் புத்தகமும் அதே வேலையைத்தான் செய்தது.

அண்ணனின் மறதியை நீங்கள் துரோகமாக எடுத்துக்கொண்டிருக்கிறீர்கள். அவர் பொய் சொல்லலாம். ஆனால் உண்மையிலேயே நினைவில்லாமலும் இருக்கலாம். தன்னைக் காக்க வேண்டியவரே கொடுமை செய்பவராக இருக்கும்போது, அவரைச் சார்ந்தே உயிர் வாழ வேண்டிய குழந்தை கண்ணெதிரே நடப்பதைப் பதிவு செய்யாமல் விட்டுவிடக்கூடும் என்பதை அமெரிக்க உளவியலாளர் ஜெனிஃபர் ஃப்ரைட் 1990களில் விளக்கினார். ஒரே கூரையின் கீழ் வளர்ந்த உடன்பிறப்புகளுக்குள்ளும் ஒருவர் அடி விழும் அறைக்கு ஓடுகிறவராகவும், மற்றவர் காதைப் பொத்திக்கொண்டு வெளியே விளையாடப் போகிறவராகவும் இருந்திருப்பார்கள். ஆகவே அண்ணனை ஒப்புக்கொள்ள வைப்பதில் உங்கள் சக்தியைச் செலவழிக்காதீர்கள். "உனக்கு நினைவில்லாமல் இருக்கலாம், எனக்கு இருக்கிறது" என்று ஒருமுறை அமைதியாகச் சொல்லிவிட்டு நிறுத்திக்கொள்ளுங்கள். அவர் ஆமோதித்தால்தான் நடந்தது நடந்ததாகும் என்பதில்லை. நீங்கள் சொல்வதையெல்லாம் அவர் அப்பாவிடம் கொண்டுசேர்க்கக்கூடும் என்பதால், அம்மாவுக்காக நீங்கள் வகுக்கும் ஏற்பாடுகள் எதையும் இப்போதைக்கு அவரிடம் சொல்ல வேண்டாம்.

காட்டிக்கொடுப்பது என்ற குற்ற உணர்ச்சிக்கு வருகிறேன். எந்தக் குடும்பமும் தன் எல்லாக் கதைகளையும் வெளியில் சொல்வதில்லை, சொல்லவும் வேண்டியதில்லை. ஒருவருடைய நோய், ஒரு பழைய கடன், தோற்றுப்போன ஒரு காதல் ஆகியவற்றை வீட்டோடு வைத்துக்கொள்வது அவரவர் உரிமை. ஒரு செய்தியை மறைப்பதால் யாருக்கு நன்மை, அது வெளியே வந்தால் யார் பயப்படுகிறார், மறைக்க மாட்டேன் என்று ஒருவர் சொன்னால் அவருக்கு என்ன நேரும் என்று கேட்டுப் பார்த்தால் வேறுபாடு விளங்கிவிடும். நோயை மறைக்க மறுப்பவரை யாரும் அடிப்பதில்லை. உங்கள் வீட்டின் எழுதாத சட்டம் குடும்பத்தைக் காத்ததாகத் தெரியவில்லை. ஒரே ஒருவரை அவர் செய்வதற்கான விளைவிலிருந்து அது பாதுகாத்திருக்கிறது, அதற்கான செலவை மற்ற நால்வரும் ஏற்றிருக்கிறீர்கள். அதை மீறுவதற்கு உங்களுக்கு எல்லா நியாயமும் உண்டு. எங்கே, எப்போது, யாரிடம் மீறுவது என்பதில்தான் நிதானம் வேண்டும்.

அந்த நிதானத்தை வைத்துத்தான் சொல்கிறேன்: மேடையில் உடைக்காதீர்கள். அப்பாவின் பெயருக்கு இழுக்கு வருமே என்ற கவலையால் இதைச் சொல்லவில்லை. கூட்டம் கலைந்த பிறகு நீங்கள் உங்கள் ஊருக்குத் திரும்பிவிடுவீர்கள், அம்மாவும் தம்பியும் அவரோடு அதே வீட்டுக்குத் திரும்புவார்கள். பலர் முன்னிலையில் தலைகுனிந்தவர், தன் பிடி நழுவுகிறது என்று உணர்ந்தவர், அந்த இரவில் என்ன செய்வார் என்பதை யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது. பாதிக்கப்பட்டவர் பிரிந்து போக முயலும் காலமும் பிரிந்த உடனடியான காலமும் மிக ஆபத்தானவை என்பதை இத்துறையில் பணியாற்றுவோர் அனைவரும் அறிவார்கள். பொதுவெளியில் முகத்திரை கிழிவதும் அப்படி ஆபத்தாகக்கூடும். மேலும், அது அம்மாவின் வாழ்க்கை. அவரைக் கேட்காமல் நூறு பேர் முன்னால் அதைத் திறந்து வைத்தால், இதுவரை அப்பா எடுத்துவந்த முடிவுகளின் வரிசையில் மகள் எடுத்த முடிவும் ஒன்றாகச் சேர்ந்துவிடும்.

அதற்காகப் பொய் பேச வேண்டும் என்றும் இல்லை. "மேடையில் பேச எனக்கு வராது, வேறு பொறுப்பு கொடுங்கள்" என்று சொல்லி விலகிக்கொள்ளலாம். காரணத்தை விளக்கிக்கொண்டிருக்க வேண்டாம். விலகவே முடியாது என்றால், நீங்கள் முழு மனத்தோடு சொல்லக்கூடியதை மட்டும் சொல்லுங்கள்: அம்மா உங்களுக்குச் செய்தவை, அப்பா சைக்கிள் கற்றுக்கொடுத்த நாள், அவ்வளவு போதும். "சிறந்த கணவர்" என்ற சொல் உங்கள் வாயிலிருந்து வர வேண்டாம். அதேபோல், கேட்போருக்குப் புரியாமல் அப்பாவுக்கு மட்டும் உறைக்கும்படி குத்திக்காட்டும் வரிகளும் வேண்டாம். எழுதும்போது அவை மனத்துக்கு இதமாக இருக்கும். ஆனால் அவற்றுக்கான பதிலடி அம்மாவின் மேல்தான் விழும்.

அம்மாவோடு பேசுவது எப்படி என்பதற்கு வருகிறேன். என் பார்வையில் இந்தக் கடிதத்துக்கான பதிலின் நடுப்பகுதி இதுதான். அப்பா பார்க்கக்கூடிய கைப்பேசியில் இதை எழுதவோ பேசவோ வேண்டாம். மணிக்கட்டைக் காட்ட மருத்துவமனைக்குப் போகும் நாளில் நீங்கள் உடன் செல்ல முடிந்தால், அதைவிட நல்ல வாய்ப்பு அமையாது. பல மருத்துவமனைகளில் நோயாளியைத் தனியே பார்க்க வேண்டும் என்று மருத்துவரிடமோ செவிலியரிடமோ கேட்டுக்கொள்ளலாம். "அவரை விட்டு வந்துவிடு" என்று தொடங்கினால் அம்மா அப்பாவுக்காக வாதாடத் தொடங்கிவிடுவார். "ஏன் இத்தனை வருஷம் பொறுத்துக்கொண்டாய்" என்று கேட்டால் அதுவும் ஒரு குற்றச்சாட்டாகவே அவர் காதில் விழும். "அம்மா, சின்ன வயதில் நடந்ததெல்லாம் எனக்கு நினைவிருக்கிறது. நான் எல்லாவற்றையும் பார்த்தேன். அது உன் தவறில்லை. கை எப்படி முறிந்தது என்று நீ இப்போது சொல்ல வேண்டாம்; சொல்ல வேண்டும் என்று தோன்றும்போது நான் இருக்கிறேன்" என்பது போதுமான தொடக்கம். முதல் முறை அவர் மறுப்பார், பேச்சை மாற்றுவார், உங்கள் மேல் கோபித்துக்கொண்டு எழுந்தும் போகலாம். அதைத் தோல்வி என்று எண்ண வேண்டாம். 30 ஆண்டுகளாகத் தான் ஒருவராகவே சுமந்து வந்ததாக நினைத்த ஒன்றை மகளும் அறிவாள் என்ற செய்தி அவர் மனத்தில் இறங்க நேரம் பிடிக்கும். நீங்கள் செய்ய வேண்டியது, அடுத்த வாரமும் அதே இயல்போடு அவரை அழைத்துப் பேசுவது.

அவர் பேசத் தொடங்கினால், முடிவை அவர் எடுக்கட்டும். ஆயத்தங்களில் நீங்கள் துணை நில்லுங்கள். அடையாளச் சான்றுகள், வங்கிக் கணக்கு விவரம், மருத்துவக் குறிப்புகள் ஆகியவற்றின் நகல்கள் உங்களிடம் இருக்கட்டும். ஒரு சிறு தொகை, மாற்றுடை, மாத்திரைகள் அடங்கிய பை ஒன்று அவர் நம்பும் ஒருவர் வீட்டில் இருக்கட்டும். சொந்த வீட்டில் ஒளித்து வைத்தால் அது கண்ணில் படும் நாள் ஆபத்தான நாளாகிவிடும். தொலைபேசியில் சாதாரணமாகச் சொல்லக்கூடிய ஒரு குறிப்புச் சொல்லை இருவரும் பேசி வைத்துக்கொள்ளுங்கள். அதைக் கேட்டதும் நீங்கள் என்ன செய்ய வேண்டும், காவல்துறையை அழைப்பதா, பக்கத்து வீட்டாரை அனுப்புவதா என்பதையும் அவரே சொல்லட்டும். சமையலறை, குளியலறை, தப்பிக்க வேறு வாசல் இல்லாத அறை ஆகிய இடங்களில் வாக்குவாதம் வலுக்கும்போது நிற்காமல் விலகிவிட வேண்டும் என்பதை அவர் அறிந்திருப்பது நல்லது. இவற்றையெல்லாம் செய்த பிறகும் அவர் அந்த வீட்டிலேயே இருக்க முடிவு செய்யலாம். அப்போது உங்களுக்கு வரும் ஆத்திரம் இயற்கையானது. ஆனால் "இனி உன் பாடு" என்று நீங்கள் கதவைச் சாத்திக்கொண்டால், அவரைத் தனிமைப்படுத்தும் வேலையை அப்பாவுக்குப் பதில் நீங்களே செய்து முடித்ததாகிவிடும்.

தம்பியின் தொனி உங்களை அருவருப்படையச் செய்திருக்கிறது. 15 வயதுப் பையன் அந்த வீட்டில் அன்றாடம் பார்ப்பது, அடிக்கும் பக்கம் ஒன்று, அடி வாங்கும் பக்கம் ஒன்று. எந்தப் பக்கம் பாதுகாப்பு என்று அவன் கணக்குப் போட்டிருக்கலாம். அவனை "நீயும் அப்பாவைப் போலவே ஆகிவிட்டாய்" என்று திட்டினால் அந்தக் கணக்கு உறுதிப்படும். அவனோடு தனியே இருக்கும்போது, "வீட்டில் என்ன நடக்கிறது என்று எனக்குத் தெரியும், நானும் அங்கேதான் வளர்ந்தேன்" என்று சொல்லிப் பாருங்கள். அம்மாவிடம் அவன் பேசும் விதத்தை ஏற்க முடியாது என்பதைத் தெளிவாகச் சொல்லுங்கள். அதே பேச்சில், அடி விழும்போது குறுக்கே பாய்ந்து தடுப்பது அவன் பொறுப்பு இல்லை என்பதையும், வெளியே வந்து உதவி எண்ணை அழைப்பதே போதும் என்பதையும் சொல்லுங்கள். விடுமுறை நாட்களை உங்கள் வீட்டில் கழிக்க அவனை அழையுங்கள். உங்கள் கணவர் உங்களிடம் பேசும் முறையைப் பார்ப்பதே அவனுக்குப் பாடமாக இருக்கும். பள்ளியில் ஆலோசகரோ நம்பிக்கைக்குரிய ஆசிரியரோ இருந்தால் அவரிடம் பேசுவதையும் யோசியுங்கள். பல நாடுகளில், சிறார் ஆபத்தில் இருப்பதாக அறியவந்தால் ஆசிரியர்களும் மருத்துவர்களும் உரிய துறைக்குத் தெரிவிக்கச் சட்டப்படி கடமைப்பட்டவர்கள் என்பதை முன்கூட்டியே தெரிந்துகொண்டு பேசுங்கள்.

அப்பாவிடம் நேரில் கேட்டுவிடலாமா என்ற யோசனையும் உங்களுக்கு வரும். அம்மாவின் பாதுகாப்புக்கு வழி செய்யாமல் அதைச் செய்ய வேண்டாம். கேட்டால் என்ன நடக்கும் என்பதையும் ஓரளவு ஊகிக்கலாம்: முதலில் மறுப்பார், பிறகு உங்கள் மேல் பாய்வார், இறுதியில் நன்றி கெட்ட மகளால் மனம் உடைந்த தந்தையாகத் தானே நிற்பார். கொடுமை செய்தவர்களிடம் காணப்படும் இந்த வரிசையை மேலே சொன்ன ஃப்ரைட் 1997இல் அடையாளம் காட்டினார். இந்த வரிசைக்கு அவர் வைத்த பெயர் தெரியாவிட்டாலும் அதை எதிர்பார்த்துப் போகிறவர் அங்கே நிலைகுலைய மாட்டார். உறவினரை நடுவில் வைத்து இருவரையும் உட்கார வைத்துப் பேசுவது, தம்பதியர் ஆலோசனைக்கு அழைத்துப் போவது ஆகியவற்றையும் வன்முறை தொடரும் வரை நான் பரிந்துரைக்க மாட்டேன். அவர் பக்கத்தில் இருக்கும்போது அம்மாவால் உண்மையைச் சொல்ல முடியாது. சொன்னால் வீடு திரும்பிய பிறகு அதற்குக் கணக்குத் தீர்க்கப்படும். அப்பா மாறலாம், சிலர் மாறியும் இருக்கிறார்கள். "அடித்தேன்" என்பதை "ஆனால்" இல்லாமல், குடும்பத்துக்கு வெளியே ஒருவரிடம் ஒப்புக்கொள்வதும், வன்முறை செய்பவர்களுக்கென்றே உள்ள சிகிச்சைத் திட்டத்தில் தானாகச் சேர்ந்து நீடிப்பதும் அதற்கான தொடக்க அடையாளங்கள். அழுது மன்னிப்புக் கேட்பது மட்டும் போதாது. அதை அம்மா பலமுறை பார்த்திருப்பார்.

கடைசியாக உங்களைப் பற்றி. 1998இல் வின்சென்ட் ஃபெலிட்டி, ராபர்ட் ஆண்டா ஆகிய மருத்துவர்கள் சான் டியேகோவில் 9,508 பேரிடம் நடத்திய ஆய்வை வெளியிட்டார்கள். சிறு வயதில் தாய் அடிபடுவதைப் பார்த்ததுண்டா என்பதும் அதில் ஒரு கேள்வி. மருத்துவக் காப்பீடு பெற்று, உடல் பரிசோதனைக்கு வந்துபோகும் வசதி இருந்த அந்த மக்களிலேயே பாதிக்கு மேற்பட்டோர் ஏதேனும் ஒரு வகைக் கொடுமையையோ குடும்பச் சீர்குலைவையோ அனுபவித்திருந்தார்கள். அவ்வகை அனுபவங்கள் கூடக் கூட, வளர்ந்த பிறகு மனச்சோர்வும் சில உடல்நோய்களும் வரும் வாய்ப்பும் கூடியிருந்தது. இது பலரை ஒன்றாகச் சேர்த்துப் பார்த்த கணக்கு. உங்கள் தலையெழுத்தைச் சொல்வதன்று. ஆனால் திடீரென்று கதவு அடித்துச் சாத்தப்பட்டால் நெஞ்சு படபடப்பதும், கணவர் சற்றே குரலை உயர்த்தினால் உடல் விறைத்துப்போவதும் உங்களுக்கு உண்டானால், அதைப் பலவீனம் என்று எண்ணாமல் சிகிச்சைக்கு உரியதாக எடுத்துக்கொள்ளுங்கள்.

கணவரிடம் சொல்லுங்கள் என்றே ஆலோசனை தருவேன், அவர் உங்களை மதிப்போடு நடத்துபவர் என்றால். கொலம்பியா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த மைக்கேல் ஸ்லெபியனும் அவருடைய சக ஆய்வாளர்களும் 2017இல் வெளியிட்ட ஆய்வில், இரகசியம் ஒருவரை வருத்துவது பிறரிடம் அதை மறைக்கும் நேரங்களைக் காட்டிலும், தனியே இருக்கும்போது மனம் திரும்பத் திரும்ப அதனிடமே போவதால்தான் என்று தெரியவந்தது. எல்லாவற்றையும் ஒரே இரவில் கொட்ட வேண்டும் என்பதில்லை, "என் வீட்டைப் பற்றி நான் உங்களிடம் சொல்லாத ஒன்று இருக்கிறது, அதை நீங்கள் யாரிடமும் பேசக் கூடாது, என் அப்பாவிடம் போய்க் கேட்கவும் கூடாது" என்று எல்லையை வகுத்துக்கொண்டு தொடங்குங்கள். அந்த எல்லை முக்கியம். நல்லெண்ணத்தோடு மாமனாரிடம் நியாயம் கேட்கப் போன மருமகனால் அடி வாங்கப்போவது மாமியார்தான்.

உளவியல் ஆலோசகர் ஒருவரையும் தேடிக்கொள்ளுங்கள். முதல் சந்திப்பிலேயே, குடும்ப வன்முறையால் பாதிக்கப்பட்டவர்களோடு பணியாற்றிய அனுபவம் உண்டா என்று தயங்காமல் கேளுங்கள். "பெற்றவர்கள்தானே, மன்னித்துவிடுங்கள்" என்றோ, "எல்லா வீட்டிலும் இருப்பதுதான்" என்றோ அவர் பேச்சைத் தொடங்கினால், மரியாதையாக நன்றி சொல்லிவிட்டு வேறொருவரைப் பாருங்கள்.